ரீச்சர் வளவில் என் பத்து வருஷ ஆட்சி

சட்டத்தை அரைகுறையாகத் தெரிந்து வைத்திருக்கிற ஒருவன் வீட்டில் இருந்தால், அந்த வீட்டுக்கு வெளியிலிருந்து எதிரி வரத் தேவையில்லை. எங்கள் வீட்டில் அந்த ஒருவன் நான். எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. மீசைகூட ஒழுங்காக வரவில்லை. ஆனால் வாயைத் திறந்தால் 'உருத்து', 'ஆட்சி', 'எதிரிடை' என்று காணிச் சட்டச் சொல்தான் வரும். (அம்மா எனக்கு ஏதோ காய்ச்சல் என்று நினைத்து ஒருமுறை கொத்தமல்லி அவித்துத் தந்தார்.)

இந்தப் புத்தி எனக்கு எங்கிருந்து வந்தது என்று சொல்ல வேண்டும். கிளிநொச்சியில் காணி உறுதி எழுதுகிற நொத்தாரிசு ஐயா ஒருவரிடம் நகல் எழுதும் வேலை பார்த்துவந்தேன். அவர் உள்ளறையில் ஆட்களோடு கதைப்பார். நான் அரைச் சுவருக்கு இந்தப் பக்கம் எழுதிக்கொண்டிருப்பேன். ஒருநாள் வேலிச் சண்டைக்காரர் ஒருவரிடம் அவர், "பத்து வருஷம் தடையில்லாமல், எல்லாருக்கும் தெரிய, உரிமைக்காரனுக்கு எதிரிடையா ஆண்டு வந்தால் காணி ஆண்டவனுக்குத்தான்" என்று சொன்னது காதில் விழுந்தது. என் பேனை நின்றுவிட்டது. அதற்கு மேல் கேட்கவிடாமல் ஐயா என்னைத் தேத்தண்ணி வாங்க அனுப்பிவிட்டார். சட்டத்தின் மிச்சப் பாதி நான் தேத்தண்ணிக் கடையில் நின்ற நேரத்தில் சொல்லப்பட்டிருக்கிறது. அது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

என் பேனை ஏன் நின்றது என்றால், நாங்கள் இருந்த வளவு எங்களுடையது இல்லை.

நாங்கள் மலைநாட்டு ஆட்கள். மாத்தளைப் பக்கத்துத் தோட்டமொன்றின் தொழிலாளர் லயத்தில் பிறந்தவன் நான். எண்பத்து மூன்று கலவரத்தில் அடிபட்டு, கைக்கு எட்டியதைத் தூக்கிக்கொண்டு வன்னிக்கு வந்து ஒரு பள்ளிக்கூடக் கட்டடத்தில் கிடந்தோம். அங்கே உதவிக்கு வந்த யாழ்ப்பாணத்து ஆசிரியை ஒருவர், திலகவதி ரீச்சர், என் அப்பாவைப் பார்த்துக் கேட்டார். தர்மபுரத்துக்குப் போகிற வழியில் தகப்பன் வாங்கிவிட்ட காணியொன்று தன் பேரில் கிடக்கிறது, சின்ன வீடும் கிணறும் இருக்கின்றன, பார்க்க ஆளில்லை, போய் இருக்கிறீர்களா என்று. வாடகை வேண்டாம், வளவைப் பார்த்துக்கொண்டால் போதும் என்றார். எண்பத்து நாலு தைப்பொங்கலுக்கு அந்த வளவில் எங்கள் முதல் பானை பொங்கியது. சுற்றிவர இருந்தவர்களுக்கு அரசாங்கம் பெர்மிட்டில் கொடுத்த காணி. ரீச்சருடையது மட்டும் பத்திரம் எழுதி வாங்கிய உறுதிக் காணி.

எங்கள் பரம்பரையில் ஒருவர் பேரிலும் ஒரு சாண் நிலம் இருந்ததில்லை. லயத்து அறை தோட்டத்துடையது, வேலை நின்றால் வெளியே போக வேண்டும். வன்னிக்கு வந்த பிறகும் அம்மாவுக்கு அந்தப் பயம் போகவில்லை. வாசல் படலையடியில் முன்பின் தெரியாத சைக்கிள் ஒன்று நின்றால் போதும், கையிலிருக்கிற வேலையைப் போட்டுவிட்டு, "எழும்பச் சொல்ல வந்துட்டாங்க போல" என்பார். வந்தவர் தண்ணீர் குடித்துவிட்டுப் போவார். அம்மாவுக்கு அன்று முழுக்கச் சாப்பாடு இறங்காது. அதைப் பார்த்துப் பார்த்து வளர்ந்தவன் நான். பத்து வருஷம் என்ற சொல் காதில் விழுந்ததும் என் மனம் துள்ளாமல் என்ன செய்யும்? தொண்ணூற்று நாலு தைப்பொங்கலோடு எங்களுக்குப் பத்து வருஷம் முடியப் போகிறது. சண்டையில் யாழ்ப்பாணப் பாதை மூடியதிலிருந்து ரீச்சர் வரவேயில்லை. இன்னும் கொஞ்ச நாள் ஒருவரும் குறுக்கே வராவிட்டால் அம்மா நிம்மதியாகச் சாப்பிடலாம்.

அந்த மார்கழியில் ரீச்சர் வந்து இறங்கினார்.

கிளாலிக் கடலில் வள்ளம் ஏறி இக்கரைக்கு வந்து, அங்கிருந்து உழவு இயந்திரப் பெட்டியில் வந்திருந்தார். ஒரு றங்குப்பெட்டி, ஒரு குடை, ஒரு சாய்மனைக் கதிரை. கொஞ்ச நாளைக்கு வருகிறவர் சாய்மனைக் கதிரையோடு வருவாரா? நான் படலையைத் திறக்காமலே நின்றேன். அப்பாவோ தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக்கொண்டு ஓடினார்.

"வாங்கம்மா, வாங்க. ஒங்க வீடு, ஒங்க காணி, வாசல்ல நின்னுக்கிட்டு இருக்கீங்களே."

ஒரே மூச்சில் வீட்டையும் காணியையும் கொடுத்துவிட்டார். கிணற்றை மட்டும் மறந்துவிட்டார் என்று நான் ஆறுதல்பட்டபோது, "கெணத்துல தண்ணி நல்லா இருக்கும்மா, ஒங்க அப்பா வெட்டுன கெணறாச்சே" என்றார்.

"கொஞ்ச நாள் இருந்திட்டுப் போவமெண்டு வந்தனான், ராமையா" என்றார் ரீச்சர். சொல்லிவிட்டு வளவைச் சுற்றி ஒரு பார்வை பார்த்தார். நொத்தாரிசு ஐயா எல்லை பார்க்கும்போது பார்ப்பாரே, அதே பார்வை.

அன்றிலிருந்து நான் ஒரு முடிவோடு இருந்தேன். ரீச்சர் இந்த வளவில் விருந்தாளியாக இருக்கலாம், உரிமைக்காரியாக ஒரு காரியமும் செய்யக் கூடாது. முற்றம் கூட்டுவது உரிமைக்காரி வேலை. தேங்காய் பொறுக்குவது உரிமைக்காரி வேலை. வேலியில் ஒரு கதியால் தடி நட்டால் கதை முடிந்தது. ஆகவே அவர் செய்யுமுன் எல்லாவற்றையும் நான் செய்துவிட வேண்டும்.

இருபத்திரண்டு வயதுவரை விளக்குமாற்றின் எந்தப் பக்கத்தைப் பிடிப்பது என்று தெரியாத நான், விடிய எழும்பி முற்றம் கூட்டத் தொடங்கினேன். மூன்றாம் நாள் நான் எழும்பியபோது ரீச்சர் பாதி முற்றம் கூட்டிவிட்டிருந்தார். நாலாம் நாள் நான் இன்னும் வெள்ளென எழும்பினேன். அவர் அதற்கு முதலே எழும்பியிருந்தார். கடைசியில் இரண்டு பேரும் இருட்டில் ஆளுக்கொரு பக்கமிருந்து கூட்டிக்கொண்டு வந்து கிணற்றடியில் முட்டிக்கொள்வோம்.

"என்ன தம்பி, இவ்வளவு வெள்ளென எழும்பிட்டீர்?"

"நித்திரை வரேல்லை ரீச்சர். நீங்கள்?"

"எனக்கும் வரேல்லை."

கூட்டுவதற்கு ஒரு சருகுகூட இல்லாத முற்றத்தை இருவரும் மறுபடி கூட்டுவோம். தென்னையிலிருந்து தேங்காய் விழுகிற சத்தம் கேட்டால் நான் குசினிப் பக்கமிருந்தும் அவர் கதிரையிலிருந்தும் ஓடுவோம். அவருக்கு அறுபது வயது, முழங்கால் நோவென்று எண்ணெய் பூசுகிறவர். தேங்காய்க்கு மட்டும் அந்த நோவு இருந்ததில்லை. ஒருநாள் பின்வேலியில் முருங்கைத் தடியொன்று நட்டிருந்தார். நான் அதற்குப் பக்கத்தில் இன்னொன்று நட்டேன். அவர் அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. ஒரு கிழமையில் எங்கள் பின்வேலி முருங்கைத் தோட்டமாகிவிட்டது. (பிறகு எங்கள் குடும்பமே வருஷக்கணக்காக முருங்கைக்காய் சாப்பிட்டது. எனக்கு இன்றைக்கும் அந்தக் குழம்பைக் கண்டால் ஆகாது.)

இதெல்லாம் எதற்கு என்று அப்பாவும் அம்மாவும் யோசிக்கவில்லை. மகன் திருந்திவிட்டான் என்று அவர்களுக்குச் சந்தோஷம். "டீச்சரம்மா வந்த நேரம் பயலுக்குப் பொறுப்பு வந்துருச்சு" என்று அப்பா ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். ரீச்சர் என்னும் சொல்லை ஊரார் முன்னால் அவர் எடுக்கும்போதெல்லாம் என் பத்து வருஷத்தில் ஒரு வருஷம் குறைகிற மாதிரி இருக்கும்.

அப்பாவைத் திருத்தாமல் வேலைக்காகாது என்று விளங்கியது. சட்டத்தில் 'எதிரிடை' என்றொரு சொல் இருக்கிறதே, உரிமைக்காரனை எதிர்த்து நிற்பது. அப்பாவிடம் மருந்துக்கும் எதிரிடை இல்லை. அவர் கூலிக்குப் போகிற வயலில் தனியாக இருந்தபோது மெல்ல எடுத்தேன்.

"அப்பா, யாராச்சும் இது யாரு காணின்னு கேட்டா என்ன சொல்லுவீங்க?"

"டீச்சரம்மா காணின்னு சொல்லுவேன்."

"அப்படிச் சொல்லக் கூடாது. நம்ம காணின்னு சொல்லணும்."

அப்பா சிரித்தார். "நம்ம காணின்னா டீச்சரம்மா காணி எங்கடா?"

"அதெல்லாம் பிறகு சொல்றேன். தை வரைக்கும் நீங்க டீச்சர் மேல கொஞ்சம் கோவமா இருங்க. அது போதும்."

"அவங்க என்னடா செஞ்சாங்க?"

"ஒண்ணும் செய்யல. சும்மா இருங்க."

அப்பா என் சொல்லைத் தட்டாதவர். எனக்கும் ரீச்சருக்கும் ஏதோ மனத்தாங்கல் என்று நினைத்துக்கொண்டார். அன்று பின்னேரம் முகத்தை உம்மென்று வைத்துக்கொண்டு ரீச்சரின் கதிரைக்கு முன்னால் போய் நின்றார். நான் கதவுக்குப் பின்னால் நின்றேன். துண்டை உதறித் தோளில் போட்டுவிட்டு, "ஏம்மா, முழங்காலு இன்னும் வலிக்குதா?" என்று கேட்டார். அடுத்த நாள் முழங்காலுக்குக் கட்ட எங்கிருந்தோ இலை தேடிக்கொண்டு வந்தார். அப்பாவின் கோபம் அவ்வளவுதான்.

இனி ஒரே வழி, சாட்சி. பொங்கலன்று பானையில் முதல் அரிசி போடுகிறவர்தான் அந்த வளவின் தலைவர். பத்து வருஷமும் எங்கள் பானை, எங்கள் அப்பா கை. அதைப் பெரிய மனிதர் ஒருவர் கண்ணால் கண்டுவிட்டால் பிறகு எந்த நீதிமன்றத்திலும் சொல்லலாம். நான் நொத்தாரிசு ஐயாவைப் பொங்கலுக்கு வரச் சொன்னேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். "ரீச்சரும் சொல்லி விட்டவா. கட்டாயம் வாறன்" என்றார்.

ரீச்சர் ஏன் சொல்லி விட்டார் என்று அந்த நேரத்திலாவது நான் யோசித்திருக்கலாம். என் மூளைக்கு அவ்வளவு ஓட்டமில்லை.

பொங்கலன்று காலையில் நொத்தாரிசு ஐயா வெள்ளை வேட்டியோடு சைக்கிளில் வந்து, சாய்மனைக் கதிரையில் காலை நீட்டி, பசியோடு அமர்ந்துகொண்டார். அம்மா கோலம் போட்டு, மூன்று கல் வைத்துப் புதுப்பானை ஏற்றினார். பால் ஊற்றினார். சுளகில் அரிசி. நான் பட்டு வேட்டி கட்டாத குறை. ரீச்சர் புதுச் சீலை கட்டி, பானைக்கு அந்தப் பக்கத்தில் நின்றார்.

பால் நுரைத்து எழும்பியது. அப்பா சுளகை எடுத்தார். நான் ஐயாவைப் பார்த்து, கவனியுங்கோ என்று கண்ணைக் காட்டினேன். அப்பா இரண்டு எட்டு வைத்து, சுளகை ரீச்சருக்கு முன்னால் நீட்டினார்.

"இத்தன வருசமா ஒங்க பேரச் சொல்லித்தாம்மா மொதப் பிடி போட்டேன். இந்த வருசம் நீங்களே வந்துட்டீங்க. ஒங்க காணி, ஒங்க கையால போடுங்க."

ஒரு வருஷம் போனால் பரவாயில்லை. பத்தையும் சேர்த்துச் சாட்சிக்கு முன்னால் அள்ளிக் கொடுத்துவிட்டார்.

ரீச்சர் அந்த நேரமே அரிசியை அள்ளியிருந்தால் அவர் வென்றிருப்பார். ஆனால் அவர் யாழ்ப்பாணத்து ஆள். அங்கே ஒரு தேத்தண்ணியைக்கூட முதல் கேள்வியில் வாங்க மாட்டார்கள். ஒருக்கால் வேண்டாமென்று சொல்லி, இரண்டாம் தரம் கேட்ட பிறகு வாங்குவதுதான் மரியாதை. பழக்கம் நாக்கில் முந்திக்கொண்டது.

"இல்லையில்லை, நீங்கள் போடுங்கோ ராமையா. பாடுபட்டது நீங்கள். இது உங்கடை காணி மாதிரித்தானே" என்றார். சொன்ன பிறகுதான் யார் முன்னால் சொன்னோம் என்று நினைவு வந்திருக்க வேண்டும். அவர் கண்கள் நொத்தாரிசு ஐயாவிடம் போய் நின்றன.

"ஐயா, கேட்டனீங்கள்தானே?" என்றேன் நான்.

"மாதிரி எண்டுதான் சொன்னனான்" என்றார் ரீச்சர்.

"அவங்க காணிதாங்கய்யா" என்றார் அப்பா.

"அப்பா, நீங்க சும்மா இருங்க."

பால் பொங்கி அடுப்பில் வழியத் தொடங்கியது. அரிசியைப் போடுங்கள் என்று அம்மா கத்துகிறார். நான் சுளகின் ஒரு பக்கத்தைப் பிடித்து அப்பா பக்கம் இழுத்தேன். ரீச்சர் மறுபக்கத்தைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்தார். முழங்கால் நோவுக்காரிக்கு அவ்வளவு பலம் இருக்குமென்று நான் நினைக்கவில்லை. நடுவில் அப்பா, என்ன நடக்கிறது என்று தெரியாமல், இரண்டு பேருக்கும் உதவி செய்துகொண்டிருந்தார். சுளகு கவிழ்ந்தது. அரிசி கோலத்தில் கொட்டியது. நான் சறுக்கிப் பின்னால் போய் அடுப்புக் கல்லில் குதிக்காலை வைத்தேன். பானை சரிந்து உடைந்து, பால் முழுவதும் நெருப்பில் ஊற்றி, ஒரு பெரிய சீறலோடு எங்கள் தைப்பொங்கல் முடிந்தது. அடுத்த வளவுக் கோழிகள் எங்கிருந்து பார்த்துக்கொண்டிருந்தனவோ, ஓடி வந்து கோலத்து அரிசியைக் கொத்தத் தொடங்கின.

புகைக்குள் நின்று நான், "பத்து வருஷம் முடிஞ்சுது, காணி எங்கடை" என்று கத்தினேன்.

அதே நேரத்தில் ரீச்சர், "முடியேல்லை, அதுக்கு முதலே நான் வந்திட்டன்" என்று கத்தினார்.

இருவரும் ஒருவரையொருவர் பார்த்தோம். கிணற்றடியில் இருட்டில் முட்டிக்கொண்ட அத்தனை காலைகளும் அப்போதுதான் எனக்கு விளங்கின.

"என்னடா பத்து வருசம்?" என்று கேட்டார் அப்பா.

நொத்தாரிசு ஐயா கதிரையிலிருந்து எழும்பாமலே விளங்கப்படுத்தினார். அவர் குரலில் கோபத்தைவிடப் பசிதான் கூட இருந்தது. "இவர் அரைச் சுவருக்கு அங்காலை இருந்து ஏதோ கேட்டிருக்கிறார். ரீச்சருக்கு யாழ்ப்பாணத்திலை ஆரோ சொல்லியிருக்கினம். இரண்டு பேரும் பிழை. உரிமைக்காரர் இருக்கச் சொல்லி இருந்தவைக்கு ஆட்சி வராது தம்பி. பத்து வருஷமில்லை, உம்மடை பேரன் காலம் வரைக்கும் இருந்தாலும் வராது. ரீச்சர், நீங்கள் கடல் கடந்து வந்திருக்கத் தேவையில்லை. தம்பி, நீர் முற்றம் கூட்டியிருக்கத் தேவையில்லை."

கோழிகள் மட்டும் கொத்திக்கொண்டிருந்தன.

அப்பா மெல்லக் குந்தினார். என்னைப் பார்க்கவில்லை. "எங்கள எழும்பச் சொல்லத்தான் வந்தீங்களாம்மா?" என்று ரீச்சரிடம் கேட்டார். அம்மா கையிலிருந்த அகப்பையோடு அப்படியே நின்றார். பத்து வருஷமாகப் படலையடியில் எந்தச் சைக்கிளைக் கண்டு பயந்தாரோ, அது இன்று சாய்மனைக் கதிரையோடு வந்துவிட்டது.

ரீச்சர் சீலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். புகை என்று அவர் பிறகு சொன்னார், நான் நம்பவில்லை.

"ஆர் உங்களை எழும்பச் சொன்னது? யாழ்ப்பாணத்து வீட்டை என்ரை தம்பிக்கு எழுதிக் குடுத்திட்டன். அவன்ரை பிள்ளையள் வளர்ந்திட்டுதுகள். எனக்கெண்டு ஒரு அறை இருந்தது, அதுக்குள்ளை இப்ப நெல்லு மூட்டை. எனக்கெண்டு சொல்ல இது ஒண்டுதான் மிச்சம், ராமையா. இதுவும் போயிடுமெண்டு ஒருத்தர் சொன்னார். பயந்து ஓடி வந்தனான்."

அப்பா எழும்பினார். "அட, இதுக்காம்மா? இங்க ஒங்களுக்கு இல்லாத எடமா?" என்றார்.

அப்போது எனக்கு வந்த வெட்கத்தை எந்தச் சொல்லில் எழுதுவது என்று இன்றும் தெரியவில்லை. ரீச்சரும் நானும் ஒரே பயத்தை ஆளுக்கொரு விளக்குமாறாகப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறோம். அம்மாதான் முதலில் அசைந்தார். கறிச்சட்டியைக் கழுவிக் கொண்டுவந்து அடுப்பில் வைத்தார். (அதைத் தவிர வீட்டில் வேறு பெரிய பாத்திரமில்லை.) புது அரிசியைக் கிண்ணத்தில் போட்டு எனக்கும் ரீச்சருக்கும் நடுவில் நீட்டினார்.

"ரெண்டு பேரும் சேந்து போடுங்க. மரியாத பேசுனீங்கன்னா அகப்பையால வாங்குவீங்க."

போட்டோம். அந்தப் பொங்கலில் மீன்குழம்பு வாசம் அடித்தது. நொத்தாரிசு ஐயா மூன்று தரம் வாங்கிச் சாப்பிட்டார்.

அடுத்த மாசம் ரீச்சர் அப்பாவைக் கூட்டிக்கொண்டு நொத்தாரிசு ஐயாவிடம் வந்தார். காணியை அப்பா பேருக்கு நன்கொடையாக எழுதச் சொன்னார். தனக்குச் சீவிய உருத்து மட்டும் வேண்டும் என்றார், அதாவது சாகும்வரை அந்த வீட்டில் இருக்கிற உரிமை. அப்பா வேண்டவே வேண்டாம் என்றார். மறுபடியும் மரியாதை தொடங்கிவிடும் போலிருந்தது. "ராமையா, எனக்கு அங்கை இருக்க ஆக்கள் வேணும். உங்களுக்கு இருக்க நிலம் வேணும். பேசாமல் கையெழுத்தை வையுங்கோ" என்றார் ரீச்சர். அப்பா தன் பேரை ஒவ்வொரு எழுத்தாக எழுதினார். எழுதி முடித்துவிட்டுப் பேனையைத் திருப்பித் தர மறந்து கையிலேயே பிடித்துக்கொண்டு அழுதார். அந்த உறுதியின் நகலை எழுதியவன் நான். அதில் மட்டும் ஒரு எழுத்துப் பிழையும் விடவில்லை.

எல்லாம் முடிந்த பிறகு ரீச்சர், "இன்னுமொண்டு எழுதோணும்" என்றார். "இந்தப் பொடியனை நான் சாகுமட்டும் ஏசுறதுக்கும் எனக்கு உருத்து வேணும்."

"அதை உறுதியிலை எழுதேலாது ரீச்சர்" என்றார் நொத்தாரிசு ஐயா.

எழுதாமலே அவர் அதை முழுதாக அனுபவித்தார். தொண்ணூற்று ஆறில் சண்டை கிட்ட வந்து, ஊரோடு நாங்களும் மூட்டை கட்டி, பிறகொரு இடம், அதற்குப் பிறகு இன்னொரு இடமென்று அலைந்தபோதும், சாய்மனைக் கதிரையை என் தலையில் ஏற்றிவிட்டுப் பின்னால் ஏசிக்கொண்டே வந்தார். ஆனாலும் ஒரு நாளாவது அப்பாவின் தட்டில் சோறு விழுமுன் அவர் சாப்பிட்டதில்லை. இரண்டாயிரத்து ஒன்றில் எனக்குக் கலியாணம் பேசிப் பெண் பார்க்கப் போனபோது, பெண்வீட்டார் "இந்த அம்மா என்ன முறை?" என்று கேட்டார்கள். ரீச்சர் நிமிர்ந்து உட்கார்ந்து, "நான் இவரை ஏச உருத்துள்ள ஆள்" என்றார். கதவுக்குப் பின்னால் நின்ற பெண் சிரித்த சத்தம் கேட்டது. எனக்கு அந்தப் பெண்ணை அப்போதே பிடித்துவிட்டது, அது என் கெட்ட காலம்.

ரீச்சர் கடைசியாகப் படுக்கையில் கிடந்த நாட்களில் என் மனைவிதான் பக்கத்தில் இருந்தாள். போவதற்கு முந்திய நாள் அவளைக் கிட்டக் கூப்பிட்டு, காதோடு ஏதோ சொன்னார். அழுதுகொண்டே சிரித்தபடி வெளியே வந்தவளிடம் என்ன சொன்னார் என்று கேட்டேன்.

"உங்களை ஏசுற உருத்தை எனக்கு மாத்தித் தந்திட்டா" என்றாள். "இதுக்குக் காலக்கெடு இல்லையாம். நொத்தாரிசும் தேவையில்லையாம்."